கொம்பனித்தெரு: ஒரு பெயரின் வரலாறு

கொழும்புக் கோட்டைப் புகையிரத நிலையத்திலிருந்து தெற்கு நோக்கிச் செல்லும் கரையோரப் பாதையில், செயலகத் தரிப்பிடத்தைக் கடந்தவுடன் வருவது கொம்பனித்தெரு நிலையம். அதன் பெயர் நெடுங்காலமாக மூன்று மொழிகளில் இரண்டு செய்திகளை அறிவித்து வந்தது. சிங்களமும் தமிழும் அவ்விடத்தைக் 'கொம்பனியின் தெரு' என்றன; ஆங்கிலமோ 'அடிமைத் தீவு' என்றது. நாள்தோறும் அங்கு ஏறி இறங்கியோருள் இம்முரண்பாட்டை நின்று நோக்கியவர் சிலரே ஆவர். 2022ஆம் ஆண்டின் இறுதியில் அம்முரண்பாடு நீக்கப்பட்டது. ஆங்கிலத்திலும் 'கொம்பஞ்ஞ வீதிய' என்னும் பெயரே வழங்குதல் வேண்டும் என அரசாங்கம் முடிவு செய்தது. அன்னியர் ஆட்சி விட்டுச் சென்ற இழிசொல் ஒன்று தலைநகரின் நடுவிலிருந்து அகன்றது என்று பலரும் மகிழ்ந்தனர்.

அம்மகிழ்ச்சியைப் பழித்தல் முறையன்று. வேலைக்கு விண்ணப்பம் எழுதும் இளைஞன் ஒருவன் தன் முகவரியில் 'அடிமை' என்னும் சொல்லை எழுத நாணுதல் இயல்பே. ஆயினும், ஒரு பெயரை நீக்கி மற்றொன்றை நிறுத்துங்கால் நீக்கப்பட்டது யாது, நிறுத்தப்பட்டது யாது என்று ஆராய்தல் கற்றோர் கடனாகும். கொம்பனித்தெருவில் நிகழ்ந்தது யாதெனின், உடைமையாக வைக்கப்பட்டோரின் பெயர் நீங்கிற்று. உடைமையாளனின் பெயர் நிலைத்தது. அடிமை போனான், கொம்பனி இருந்துவிட்டது. இழிவு துடைத்தல் என்பது இதுவேயானால், எவருடைய இழிவு துடைக்கப்பட்டது என்ற வினா எழாமற் போகாது.

கொம்பனி என்பது எது? 1602ஆம் ஆண்டில் நிறுவப்பெற்ற ஒல்லாந்த ஐக்கிய கிழக்கிந்தியக் கொம்பனியே அது என்பது பெருவழக்கான கருத்து. 1656ஆம் ஆண்டு மே மாதத்தில் நீண்ட முற்றுகையின் பின் கொழும்பைப் போர்த்துக்கேயரிடமிருந்து கைப்பற்றிய அக்கொம்பனி, 1796ஆம் ஆண்டு பெப்ரவரியில் ஆங்கிலேயரிடம் அதனை ஒப்புவிக்கும்வரை நூற்று நாற்பது ஆண்டுகள் நகரை ஆண்டது. படைவீரர் கூட்டத்தையும் 'கொம்பனி' என்றல் வழக்காதலின், பிற்காலத்தில் அங்கே குடியிருந்த மலே வீரரின் அணிகளையே அப்பெயர் குறிக்கும் என்பாரும் உளர். இவ்விரண்டனுள் எது பொருந்தும் என்பது இவ்வாராய்ச்சிக்கு இன்றியமையாததன்று. வணிகனாயினும் படைத்தலைவனாயினும், பெயருக்கு உரியவன் ஏவியவனே. ஏவல் செய்தவன் அல்லன். வணிகக் கொம்பனி 1799ஆம் ஆண்டோடு கலைக்கப்பட்டுவிட்டது. கலைந்துபோன நிறுவனம் ஒன்றின் பெயர் இருநூறு ஆண்டுகட்கு மேலாகச் சிங்களவர் நாவிலும் தமிழர் நாவிலும் வாழ்ந்திருப்பதும், அந்நிறுவனம் விலைகொடுத்து வாங்கிய மனிதரின் பெயர் ஆங்கிலத்தில் மட்டும் தங்கிப் பின் அதனினின்றும் விலக்கப்பட்டிருப்பதும் சிந்திக்கற்பாலன.

மலைநாட்டாருக்கு இம்முரண் எளிதில் விளங்கும். தேயிலைத் தோட்டம் ஒவ்வொன்றுக்கும் இரு பெயர் உண்டு. துரை சூட்டிய ஆங்கிலப் பெயர் பதிவேட்டில் இருக்கும். அங்கு உழைத்தோர், மரத்தையோ பாறையையோ பழைய கங்காணியையோ நினைவுகொண்டு இட்ட தமிழ்ப் பெயர் வாய்வழக்கில் இருக்கும். அங்கே தமிழ்ப் பெயர் உழைத்தவனின் பெயர். கொம்பனித்தெருவிலோ இம்முறை தலைகீழாயிற்று. உழைத்தவனைச் சுட்டும் பெயர் ஆங்கிலத்தில் இருக்க, ஆண்டவனைச் சுட்டும் பெயரைத் தமிழ் தன்னதாக்கிக் கொண்டது. இது தற்செயல் என்று கொள்ளலாம். ஆயின், மறதிக்கும் ஓர் உள்நோக்கம் உண்டு என்பதனை இவ்வூரின் வரலாற்றை எழுதியோர் சிலரின் கட்டுரைகள் காட்டுகின்றன.

அவ்வகைக் கட்டுரைகள் பெரும்பாலும் ஒரே அச்சில் வார்த்தவை. தொடக்கத்தில் முதலைகள் வரும். போர்த்துக்கேயர் கோட்டைக் காவலின் பொருட்டு ஆக்கிய நீர்நிலையே இன்றைய பேரை வாவி. அதனுள் நீண்டு கிடந்த நிலப்பகுதியில் ஒல்லாந்தர் தம் அடிமைகளை இரவில் அடைத்து வைத்தனர். அவர்கள் நீந்தித் தப்பாவண்ணம் நீரில் முதலைகள் இருந்தன என்பது கதை. அடுத்து ஒரு கொலை வரும். கோட்டையில் வாழ்ந்த பிஸ்கால் என்னும் அதிகாரி ஒருவரும் அவர் மனைவியும் தம் வீட்டிலேயே அடிமைகளாற் கொல்லப்பட்டனர். அதன் பின்னரே அடிமைகளைக் கோட்டைக்குள் இரவில் தங்க விடாது, மாலைதோறும் எண்ணிக் கணக்கெடுத்துத் தீவுக்கு அனுப்பும் வழக்கம் ஏற்பட்டது என்பர். பின் கதை ஆங்கிலேயர் காலத்துக்குத் தாவிவிடும்.

முதலைகள் இருந்தமை மெய்யாகலாம். கொலை நிகழ்ந்தமையும் மெய்யாகலாம். குற்றம் செய்திகளில் இல்லை. அவற்றைத் தெரிந்தெடுத்த பார்வையில் உள்ளது. நூற்று நாற்பது ஆண்டுகள் அந்நகரில் வாழ்ந்த பல்லாயிரம் அடிமைகளின் வாழ்வில் நினைவுகூரத்தக்கதாக எழுதுவோர் கண்டது ஒரு கொலையை மட்டுமே. அவர்கள் எங்கிருந்து வந்தனர், என்ன மொழி பேசினர், எவ்வேலை செய்தனர், எவரை மணந்தனர், எக்கடவுளை வணங்கினர் என்பன கேட்கப்படவில்லை. முதலையும் கொலையும் எசமானரின் அச்சத்திலிருந்து பிறந்த கதைகள். முதலைக் கதை, அடிமை தப்பிவிடுவானோ என்னும் அச்சம். கொலைக் கதை, அடிமை தாக்கிவிடுவானோ என்னும் அச்சம். இவற்றையே வரலாறு என எழுதுவோர், தம்மை அறியாமலே கோட்டை மதிலின்மேல் நின்று தீவைப் பார்க்கின்றனர். தீவில் நின்று கோட்டையைப் பார்த்தவன் கண்ட காட்சி வேறாக இருந்திருத்தல் வேண்டும்.

அவ்வகைக் கட்டுரைகளில் மற்றொரு குறையும் உண்டு. தமிழ் வாசகருக்கு அதுவே முதன்மையானது. கொம்பனித்தெருவின் அடிமைகள் எனின், 'காப்பிரிகள்' என ஒரே சொல்லில் எழுதி முடித்துவிடுகின்றனர். ஆப்பிரிக்காவின் கீழ்க்கரையிலிருந்து போர்த்துக்கேயர் கொணர்ந்த மக்களும், பின்னர் ஒல்லாந்தரும் ஆங்கிலேயரும் கொணர்ந்தோரும் கொழும்பில் வாழ்ந்தனர் என்பது உண்மை. கோட்டை கட்டும் வேலையிலும் படையிலும் அவர்கள் ஈடுபடுத்தப்பட்டனர். ஆங்கிலேயர் காலத்தில் காப்பிரிப் படைப்பிரிவு என ஒன்றும் இருந்தது. அவர்களின் வழித்தோன்றல்கள் புத்தளத்தை அடுத்த சிறாம்பியடியில் இன்றும் சிறு குடியினராக வாழ்கின்றனர். 'மஞ்ஞா' என்னும் அவர்தம் பாட்டும் தாளமும் இன்றும் கேட்கப்படுகின்றன. அறபுச் சொல்லொன்றின் வழியாக வந்த அப்பெயர், தென்னாபிரிக்காவில் கொடிய வசையாயிற்று. இலங்கையில் அம்மக்களே தம்மை அழைத்துக்கொள்ளும் பெயராக நிற்கின்றது. ஒரு சொல்லின் இழிவு சொல்லிலேயே உறைவதில்லை என்பதற்கு இதனினும் நல்ல சான்று வேண்டா.

ஆயினும் அடிமைகள் அனைவரும் ஆப்பிரிக்கர் அல்லர். வங்கத்திலிருந்தும் மலபாரிலிருந்தும் கிழக்கிந்தியத் தீவுகளிலிருந்தும் வந்தோர் உளர். அவர்களோடு, சோழமண்டலக் கரையிலிருந்து வந்த தமிழரும் பெருந்தொகையினராக இருந்தனர். இச்செய்தி ஒல்லாந்தக் கொம்பனியின் ஆவணங்களை ஆராய்ந்தோரால் ஐயத்துக்கு இடமின்றி நிறுவப்பட்டுள்ளது. வரலாற்றறிஞர் சி. அரசரத்தினம், மார்க்கஸ் விங்க் ஆகியோரின் ஆய்வுகள் இவ்வகையில் எண்ணத்தக்கன. 1658ஆம் ஆண்டில் நாகபட்டினம் ஒல்லாந்தர் வசமாயிற்று. அதனை அடுத்த ஆண்டுகளில் பீசப்பூர்ப் படைகள் தஞ்சை நாட்டைச் சூறையாட, வயல்கள் பாழாகிப் பஞ்சம் பரவிற்று. உண்ண வழியின்றித் தம்மையும் தம் மக்களையும் விற்கத் துணிந்தோர் துறைமுகங்களுக்கு வந்து குவிந்தனர். 1659 முதல் 1661 வரையுள்ள மூன்று ஆண்டுகளில் எண்ணாயிரம் முதல் பதினாயிரம் பேர்வரை சோழமண்டலத் துறைகளிலிருந்து இலங்கைக்கும் பத்தாவியாவுக்கும் மலாக்காவுக்கும் ஏற்றப்பட்டனர் என விங்க் கணிக்கின்றார். இலங்கையில் கொம்பனியின் ஆளுநராக இருந்த றிக்லொஃப் வான் கூன்ஸ், போரினாற் குடியற்றுக் கிடந்த தென்மேற்கு நிலங்களில் இவ்வடிமைகளைக் கொண்டு நெல் விளைவிக்கத் திட்டமிட்டார். பின்னர் 1694 முதல் 1696 வரை மீண்டும் தென்னாட்டில் போரும் பஞ்சமும் வந்தபோது, தனியார் மட்டுமே 3,859 அடிமைகளைச் சோழமண்டலக் கரையிலிருந்து இலங்கைக்குக் கொணர்ந்தனர் என்று கணக்கு உள்ளது.

இவ்வெண்ணைச் சற்றே நின்று நோக்குதல் வேண்டும். மூவாயிரத்து எண்ணூற்று ஐம்பத்தொன்பது என்று ஒன்றுகூடத் தவறாது எழுதிவைத்த அம்முறை, அவர்களுள் ஒருவரின் தந்தை இட்ட பெயரையும் அக்கணக்கிற் காட்டவில்லை. கொம்பனியின் வழக்கில் அடிமைக்குப் புதுப் பெயர் ஒன்று இடப்படும். அதனோடு அவர் வாங்கப்பட்ட அல்லது பிறந்த இடம் சேர்க்கப்படும். தென்னாபிரிக்காவின் நன்னம்பிக்கை முனையிலுள்ள பழைய ஏடுகளில், கத்தரீனா முதலிய கிறித்தவப் பெயர்களின் பின்னே பழவேற்காடும் சோழமண்டலமும் தூத்துக்குடியும் இலங்கையும் ஒட்டிக்கொண்டிருக்கக் காணலாம். ஊர் எஞ்சிற்று, பெயர் போயிற்று. கொம்பனித்தெருவில் அதற்கு மாறாக, இடத்துக்கு ஒரு பெயர் எஞ்சிற்று. அதில் வாழ்ந்தோரின் ஊர்கள் மறைந்தன.

ஆகவே, 'அடிமைத் தீவு' என்பது எங்கிருந்தோ வந்த எவரையோ குறித்த பெயர் என்று தமிழ் வாசகர் ஒதுங்கி நிற்றல் இயலாது. தஞ்சையிலிருந்து பதினேழாம் நூற்றாண்டில் கப்பலேற்றப்பட்ட குடியானவனும், பத்தொன்பதாம் நூற்றாண்டில் அதே தஞ்சையிலிருந்தும் திருச்சியிலிருந்தும் மதுரையிலிருந்தும் கோப்பித் தோட்டங்களுக்கு வந்த குடியானவனும் ஒரே பஞ்சத்தின் மக்கள். முதல்வன் தன் மொழியை இழந்து, பிற மக்களோடு கலந்து, கொழும்பின் கூட்டத்தில் அடையாளமின்றி மறைந்தான். பின்னவன் மொழியையும் முருகனையும் மாரியம்மனையும் காமன் கூத்தையும் காத்துக்கொண்டான். இருவரையும் ஒன்றெனல் பிழை. மேடைகளிற் சிலர் தோட்டத் தொழிலாளரை 'அடிமைகள்' என்று ஒரே மூச்சிற் கூறிவிடுவதுண்டு. அது இரக்கத்தினாற் கூறுவதாயினும் வரலாறு ஆகாது. தொழிலாளன் விலைக்கு வாங்கப்பட்டவன் அல்லன். முற்பணக் கடனாலும் 'துண்டு' முறையாலும் கட்டப்பட்டவன். துண்டில் எழுதிய கடனைத் தீர்க்காது ஒரு தோட்டத்திலிருந்து மற்றொன்றுக்குப் பெயர்தல் அவனுக்கு அரிதாயிற்று. 1921ஆம் ஆண்டிலேயே அம்முறை சட்டத்தினால் ஒழிக்கப்பட்டது. கட்டு என்பது உண்மை. கட்டின் வகை வேறு. வகையறிந்து கூறுதலே இருவருக்கும் செய்யும் மரியாதை.

இனி, அடிமை முறையை ஐரோப்பியர் கொணர்ந்த தீமை என மட்டும் கூறி அமைதல் சைவ நூற்பயிற்சி உடையோருக்கு ஒவ்வாது. பெரியபுராணத்துத் தடுத்தாட்கொண்ட புராணத்தை அறியாதார் இலர். மணப்பந்தலில் முதிய வேதியர் ஒருவர் வந்து நின்று, நம்பியாரூரர் தமக்கு வழிவழி அடிமை என்று வழக்குரைக்கின்றார். அதற்குச் சான்றாக ஆளோலை காட்டுகின்றார். அதனை ஆரூரர் கிழித்தெறிய, மூலவோலை திருவெண்ணெய்நல்லூர் அவையில் எடுத்து வைக்கப்பட்டு, கையெழுத்து ஒப்புநோக்கப்பட்டுத் தீர்ப்பளிக்கப்படுகின்றது. இறைவன் ஆட்கொண்ட அருமையை உணர்த்த வந்த கதை இது என்பதில் ஐயமில்லை. ஆயினும், அக்கதை கேட்போர் மனத்திற் பதிதற்கு ஆளோலையும் அதன் மேலான வழக்கும் அவர்தம் உலகில் அறிந்த பொருள்களாக இருந்திருத்தல் வேண்டும். அவையோர் வியந்தது, அந்தணர் அந்தணர்க்கு அடிமையாதல் உண்டோ என்பது பற்றியே. ஒருவர் மற்றொருவர்க்கு அடிமையாதல் உண்டோ என்பது பற்றி அன்று. சேக்கிழார் காலத்துச் சோழநாட்டுக் கல்வெட்டுகளிலும் கோவில்களுக்கு ஆட்கள் விற்கப்பட்ட செய்திகள் உள. தமிழ் மொழியில் 'அடிமை' என்னும் சொல் பக்தியால் உயர்ந்தது. அவ்வுயர்வின் நிழலில் அதன் பழம்பொருள் எளிதில் மறைந்துகொண்டது.

யாழ்ப்பாணத்து வரலாறும் இதற்கு விலக்கன்று. 1707ஆம் ஆண்டில் ஒல்லாந்தரின் ஏவலால் கிளாஸ் ஐசாக்ஸ் தொகுத்த தேசவழமையில், நிலம், சீதனம், தோட்டம், அடகு என்பவற்றோடு ஆண் அடிமை, பெண் அடிமை பற்றிய பகுதியும் உண்டு. ஆங்கிலேயர் அடிமைகளைப் பதிவு செய்ய முற்பட்டபோது, இலங்கையில் மிகப் பெருந்தொகையான அடிமைகள் காணப்பட்டது கொழும்பில் அன்று, யாழ்ப்பாணத்திலேயாகும். பிரதம நீதியரசர் அலெக்சாண்டர் ஜோன்ஸ்ரனின் முயற்சியால், 1816ஆம் ஆண்டு ஆகஸ்ட் 12ஆம் நாளுக்குப் பின் பிறக்கும் பிள்ளைகள் சுதந்திரர் எனச் சில உடைமையாளர் ஒப்புக்கொண்டனர். 1833ஆம் ஆண்டு பிரித்தானியப் பாராளுமன்றம் இயற்றிய அடிமை ஒழிப்புச் சட்டத்தில் இலங்கை விலக்கப்பட்டிருந்தது. 1844ஆம் ஆண்டின் 20ஆம் இலக்கச் சட்டமே இந்நாட்டில் அடிமை முறையை முற்றாக நீக்கிற்று. இவ்வரலாற்றை விரிவாகக் காண விழைவோர் பேராசிரியை நிரா விக்கிரமசிங்க 2020ஆம் ஆண்டில் வெளியிட்ட 'பல்லக்கில் ஓர் அடிமை' என்னும் பொருளமைந்த பெயருடைய ஆங்கில நூலை நோக்குக. தமிழில் இப்பொருள்மேல் எழுந்த எழுத்துகள் மிகச் சில; எழுதக் கூசும் பொருள் என்பதே காரணம் போலும். ஆங்கிலப் பெயர்ப்பலகையில் இருந்த 'அடிமை' என்னும் சொல் நீங்கியதற்குத் தமிழர் எவரும் வருந்தாமைக்கும் அக்கூச்சத்தில் ஒரு பங்கு இருக்கலாம்.

தீவின் பிற்கால வரலாறு மலே வீரரின் வரலாறு. ஒல்லாந்தரின் கீழ்ப் பணிபுரிந்த மலே வீரர் 1796ஆம் ஆண்டுக்குப் பின் ஆங்கிலேயர் படையிற் சேர்க்கப்பட்டனர். அப்படை 1827ஆம் ஆண்டில் இலங்கை றைபிள் படை எனப் பெயர் பெற்று, 1873ஆம் ஆண்டிற் கலைக்கப்பட்டது. அடிமைகளை அடைத்த இடத்திலேயே வீரர் குடும்பங்கள் குடியேறின. மலே வீதி, ஜாவா ஒழுங்கை, றைபிள் வீதி என்னும் பெயர்கள் அவர்களால் வந்தன. வேகந்தைப் பள்ளிவாசல் அவர்களுடையது. 1872ஆம் ஆண்டில் அவர்கள் தமக்கெனத் துடுப்பாட்டக் கழகம் ஒன்றை நிறுவினர். அதனினும் வியப்பானது, 1869ஆம் ஆண்டிலேயே பாபா யூனுஸ் சல்தீன் என்பார் 'அலாமத் லங்காபுரி' என்னும் மலே மொழிச் செய்தித்தாளைக் கொழும்பில் வெளியிட்டமை. உலகில் மலே மொழியில் எழுந்த முதற் செய்தித்தாள்களுள் அது ஒன்று. சிறு படைக்குடி ஒன்று தன் மொழியில் தானே எழுதித் தானே அச்சிட்டது. படை கலைந்தபின் அவர்களுட் பலர் பொலிசிலும் தீயணைக்கும் படையிலும் சேர்ந்தனர். சிலர் மலைநாட்டுத் தோட்டங்களில் மேற்பார்வைப் பணிக்கும் வந்தனர். தோட்டப்புறத்து முதியோர் சிலர் மலேக்காரரை இன்றும் நினைவுகூர்வதற்குக் காரணம் இதுவே.

மலே வீரருக்கும் அவர்க்கு முன் அங்கிருந்த அடிமைகளுக்கும் இடையேயுள்ள வேறுபாடு இங்கே தெளிவாகின்றது. முன்னவர் தம் பெயரைத் தெருவில் எழுதினர், தாளில் எழுதினர், பள்ளிவாசற் சுவரில் எழுதினர். பின்னவர்க்கு இருந்த ஒரே நினைவுச் சின்னம், எசமானர் மொழியில் எசமானர் இட்ட ஒரு பெயர். அது கொடிய பெயர்தான். ஆனால் வேறு பெயர் இல்லை.

இதனை மேற்காப்பிரிக்க நகரங்களோடு ஒப்பிடின் வேறுபாடு இன்னும் விளங்கும். ஒல்லாந்தரின் கிழக்கிந்தியக் கொம்பனிக்கு உடன்பிறந்ததாகிய மேற்கிந்தியக் கொம்பனி, 1637ஆம் ஆண்டில் எல்மினாக் கோட்டையைப் போர்த்துக்கேயரிடமிருந்து கைப்பற்றிற்று; பத்தொன்பது ஆண்டுகளின் பின் கொழும்பில் நிகழ்ந்ததும் அதுவே. கடல் வேறு, கணக்கேடு ஒன்று. ஆயின் அக்கரையில், விடுதலை பெற்றோர் திரும்பி வந்து தாமே அமைத்த குடியிருப்புகளும் உண்டு. 1792ஆம் ஆண்டில் நோவா ஸ்கோசியாவிலிருந்து வந்த சுமார் 1,200 கறுப்பின மக்கள் சியரா லியோனில் அமைத்த நகரின் பெயரே 'விடுதலை நகர்' எனப் பொருள்படும் பிறீடவுண். கடற்படையினராற் கப்பல்களிலிருந்து மீட்கப்பட்டோர் பின்னர் அங்கே குடியேற, காங்கோ டவுண், குறூ டவுண் என மக்களின் பூர்வீகத்தைக் கூறும் பேட்டைகள் எழுந்தன. லாகோஸ் நகரிலோ பிரேசிலிலிருந்தும் கியூபாவிலிருந்தும் திரும்பி வந்தோர் தமக்கெனப் 'பிரேசில் பேட்டை' ஒன்றை ஆக்கினர். அந்நாட்டிற் கற்ற கொத்துத் தொழிலாற் சிற்பம் மிக்க வீடுகளையும் கட்டினர். அவற்றுட் பல இடிக்கப்பட்டுவிட்டன எனினும், பேட்டையின் பெயர் அவர்கள் எங்கிருந்து மீண்டனர் என்பதை மறக்கவிடவில்லை. கொழும்பில் விடுதலை பெற்றோருக்கு அவ்வாறு ஓர் இடம் அமையவில்லை. 1844ஆம் ஆண்டுக்குப் பின் அவர்கள் எங்கே சென்றனர் என்று கேட்டால், 'எங்கும் செல்லவில்லை. நகரத்து ஏழைகளுள் கலந்துவிட்டனர்' என்பதே பொருத்தமான விடையாகும்.

அந்நகரத்து ஏழைகளின் கதையும் பெயர் மாற்றத்தோடு சேர்த்து எண்ணப்பட வேண்டியது. மலேக்காரரும் சோனகரும் தமிழரும் சிங்களவரும் பறங்கியரும் நெருங்கி வாழ்ந்த ஊர் கொம்பனித்தெரு. கியூ வீதியிற் சிவசுப்பிரமணிய சுவாமி கோவிலின் கோபுரம் நிமிர்ந்து நிற்க, சற்றே நடந்தால் பள்ளிவாசல் வரும், தேவாலயம் வரும், வாவியின் மறுகரையை நோக்கி நடந்தால் கங்காராம விகாரை வரும். இத்தகைய ஊரில் நிலத்தின் விலை ஏறிற்று. 2010ஆம் ஆண்டு மே மாதத்தில் மியூஸ் வீதியில் வீடுகள் இடிக்கப்பட்டன. அதன் பின் ஜாவா ஒழுங்கை முதலிய இடங்களிலிருந்தும் குடும்பங்கள் அகற்றப்பட்டன. பலர் நகரின் வடபுறத்து மாடிக் குடியிருப்புகளிலே வைக்கப்பட்டனர். வாவிக்கரையில் இன்று வானளாவும் மாளிகைகள் நிற்கின்றன. அவற்றுள் ஒன்று மற்றொன்றின்மேற் சாய்ந்து நிற்பதுபோல் அமைந்த விந்தைக் கட்டடம். ஊரின் ஆங்கிலப் பெயரிலிருந்து அடிமை நீங்கிய காலமும், ஊரிலிருந்து பழங்குடிகள் பலர் நீங்கிய காலமும் ஏறத்தாழ ஒன்றாக அமைந்தன. ஒன்று மற்றொன்றுக்குக் காரணம் என்று கூறச் சான்றில்லை. ஆயினும் விலையுயர்ந்த மாடி வீட்டை விற்பவனுக்கு எப்பெயர் உகந்தது என்பதை உய்த்துணர நெடுநேரம் வேண்டியதில்லை.

பழைய ஆங்கிலப் பெயரை மீண்டும் எழுதுக என்று கோருவது இவ்வாராய்ச்சியின் கருத்தன்று. அவ்வூரில் வாழ்வோர் விரும்பாத பெயரை அவர்மேற் சுமத்த எவருக்கும் உரிமை இல்லை. பொல்பிட்டியவை அடுத்து மஸ்கெலி ஓயாவும் கெகெல்கமு ஓயாவும் கூடிக் களனி கங்கை ஆகின்றன. கூடியபின் பெயர் ஒன்றே. எனினும் கூடுமுன் இருந்த இரு பெயர்களை மலைநாட்டிலே எவரும் அழிக்கவில்லை. ஊரின் பெயர் ஒன்றாயினும், அதனுட் கலந்தவற்றின் பெயர்களைச் சொல்ல ஒரு கல்லாவது அங்கே நாட்டப்படலாம். அக்கல்லில் எழுதத் தக்கவை 'அடிமை' என்ற சொல்லும் 'கொம்பனி' என்ற சொல்லும் மட்டும் அல்ல. அவர்கள் வந்த ஊர்கள்.

அவ்வூர்களைக் கண்டறிதலும் இயலாததன்று. கொழும்பிலுள்ள தேசிய சுவடிகள் திணைக்களத்தில் ஒல்லாந்தக் கொம்பனியின் ஏடுகள் ஆயிரக்கணக்கில் உள்ளன. ஹேக், ஜகார்த்தா, சென்னை, கேப் டவுன் ஆகிய நகரங்களில் உள்ளவற்றோடு அவையும் சேர்த்து 2003ஆம் ஆண்டில் யுனெஸ்கோவின் உலக நினைவுப் பதிவேட்டிற் சேர்க்கப்பட்டன. அவை பழைய ஒல்லாந்த மொழியில், பழகாத கண்ணுக்குப் புலப்படாத கையெழுத்தில் அமைந்தவை. நீதிமன்ற விசாரணைகளும் மரண சாசனங்களும் விற்பனைப் பத்திரங்களும் அவற்றிலே உண்டு. விசாரணைகளில் அடிமைகள் தம் வாயாற் கூறிய வாக்குமூலங்களும் உண்டு. அவற்றைப் பயில்தற்கு இரண்டு மூன்று ஆண்டு உழைப்பும் மொழிப்பயிற்சியும் வேண்டும். பட்டப்படிப்பு முடித்து ஆராய்ச்சிக்குப் பொருள் தேடும் இந்துக் கல்லூரி மாணவர் ஒருவர் அவ்வுழைப்பை மேற்கொள்வாராயின், அந்தக் கையெழுத்துக்குள்ளே அவர் காணக்கூடிய ஊர்ப்பெயர்கள் பல அவருக்குப் புதியன அல்ல: நாகபட்டினம், தூத்துக்குடி, பழவேற்காடு, யாழ்ப்பாணம்.